கூட்டத்தின் முன்னால் எஸ்.எல்.ஆர் எதற்கு?



2019 ஆகஸ்ட் 4, அமெரிக்காவின் டேட்டன் நகரம். 100 தோட்டா பிடிக்கும் டிரம் மேகசினை மாட்டிக்கொண்டு வந்தான் ஒருவன். போலீஸ் அவனைச் சுட்டு வீழ்த்த அரை நிமிஷம்தான் ஆனது. அதற்குள் 9 உயிர் போச்சு.

"அது அமெரிக்கா, நமக்கென்ன?" என்று விட்டுவிட முடியாது. இங்கே செமி ஆட்டோமேட்டிக் ரைபிளை சாமானியன் வாங்க முடியாது. ஆயுதச் சட்டம் தடுக்கிறது. நல்லதுதான். ஆனால் போலீஸ் கையில்?

எஸ்.எல்.ஆர், போர்க்களத்துக்காகச் செய்த துப்பாக்கி. மேகசினில் 20 தோட்டா. விசையை இழுக்க இழுக்க அடுத்த தோட்டா தானாக ஏறும். 2018 மே 22, தூத்துக்குடியில் சாதாரண உடையில் வேன் மேல் ஏறி நின்று போலீஸ் குறி பார்த்ததை நாடே பார்த்தது. ஸ்டெர்லைட்டை மூடச் சொன்ன மக்களில் 13 பேரைப் பறிகொடுத்தோம். அருணா ஜெகதீசன் ஆணையம் 17 போலீசார் மீது நடவடிக்கை எடுக்கச் சொன்னது.

ஆளை மட்டும் தண்டித்தால் போதாது. கூட்டத்தைக் கலைக்கப் போகிறவர் கையில் அந்த ரைபிளே இருக்கக் கூடாது. நாளைக்கு பொதட்டூர்பேட்டை நெசவாளி கூலி உயர்வு கேட்டு ரோட்டுக்கு வந்தாலும், எதிரே நிற்பது இதே துப்பாக்கியாக இருக்கலாம்.

கோரிக்கைக்குப் பதில் பேச்சுவார்த்தை. தோட்டா அல்ல!