மனச்சான்றும் தன்விருப்பும்

‘என் மனம் சொல்வதே எனக்குச் சட்டம்’ என்று ஒருவன் கூறினால், அவனைப் போற்றுவதா? அவனைக் கண்டு அஞ்சுவதா? மனச்சான்றின் குரலும் தன்விருப்பின் குரலும் ஒரே நெஞ்சிலிருந்து எழுவன. அவற்றைப் பிரித்தறிவது எங்ஙனம்? பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்க நாட்டில் வாழ்ந்த சான்றோர் சிலரின் வாழ்க்கை இவ்வினாவுக்கு விடை தருகின்றது.

அந்நாளில் பாஸ்டன் நகரில் யூனிட்டேரியன் என்னும் கிறித்தவப் பிரிவினர் செல்வாக்குப் பெற்றிருந்தனர். மூவொருமைக் கொள்கையை விடுத்து, கடவுள் ஒருவரே எனக் கொண்டவர்கள் அவர்கள், பகுத்தறிவை மதித்தவர்கள். எனினும், அவர்தம் சமயம் அறிவளவில் நின்று குளிர்ந்துவிட்டது என இளைஞர் சிலர் கருதினர். நூற்சான்றும் புலனறிவும் மட்டும் உண்மையை உணர்த்தப் போதா. இறைமை ஒவ்வோர் உள்ளத்திலும் நேரே விளங்குகின்றது என்பது அவர்தம் துணிபு. அவர்கள் நெறி டிரான்சென்டென்டலிசம் எனப் பெயர் பெற்றது.

அவர்களுள் தலைசிறந்தவர் எமர்சன். 1829இல் பாஸ்டன் திருச்சபை ஒன்றில் குருவான அவர், திருவிருந்துச் சடங்கை மனமொப்பி நடத்த இயலாது எனக் கண்டதும் 1832இல் அப்பதவியைத் துறந்தார். பழைய அற்புதங்களின்மேல் மட்டும் சமயத்தை நிறுத்தலாகாது என 1838இல் ஹார்வர்டு சமயக் கல்லூரியில் பேசினார். பெரும் எதிர்ப்பு எழுந்தது. ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் ஹார்வர்டு அவரை மீண்டும் பேச அழைக்கவில்லை.

அவர் நண்பர் தோரோ, 1845 முதல் 1847 வரை வால்டன் குளக்கரையில் தாமே கட்டிய சிறு குடிலில் எளிமையாக வாழ்ந்தார். பகவத்கீதையை விரும்பிக் கற்றார். அடிமைமுறைக்குத் துணைநிற்கும் அரசுக்குத் தலைவரி செலுத்த மறுத்து, 1846இல் ஓரிரவு சிறையில் இருந்தார். ஓரிரவுச் சிறை சிறிது. அதிலிருந்து பிறந்த கட்டுரையோ பெரிது. 1849இல் வெளிவந்த அதனைப் பின்னாளில் தென்னாப்பிரிக்காவில் படித்த காந்தியடிகள், தம் அறப்போருக்கு அது அரண் செய்வதாகக் கண்டார்.

தியோடர் பார்க்கர் என்னும் குரு, கிறித்தவத்தில் நிலைப்பது எது, மறைவது எது என 1841இல் பிரித்துரைத்தார். குருமார் பலர் தம் சபைகளில் அவர் பேச இடந்தர மறுத்தனர். தப்பியோடிய அடிமைகளைப் பிடித்துத் தரவேண்டும் என்னும் சட்டம் 1850இல் பிறந்தது. தெற்கிலிருந்து தப்பிவந்த எல்லன் கிராஃப்ட் என்னும் பெண்ணைத் தேடி ஆட்கள் பாஸ்டனுக்கு வந்தபோது, பார்க்கர் அவருக்குத் தம் இல்லத்தில் அடைக்கலம் அளித்தார்.

‘அவரவர் உள்ளமே வழிகாட்டி எனின், அடிமைகளை வைத்திருந்தவனும் தன் உள்ளத்தைச் சான்று காட்டலாமே’ எனச் சிலர் வினவலாம். வினா நேரியதே. இழப்பைத் தாங்கும் உறுதி ஒன்றே மனச்சான்றுக்கு அடையாளம் என்றும் கூற இயலாது. வெறிகொண்டவனும் இழப்புக்கு அஞ்சான். விடை அக்கொள்கையிலேயே உள்ளது. என் உள்ளத்தில் இறைமை உண்டெனின், விலங்கு பூட்டப்பட்டவன் உள்ளத்திலும் அஃது உண்டு. ஆடவன் உள்ளத்தில் உண்டெனின், பெண்ணின் உள்ளத்திலும் உண்டு. அக்குழுவைச் சேர்ந்த மார்கரெட் புல்லர் என்னும் பெண்மணி, 1845இல் வெளியிட்ட நூலில் மகளிர் உரிமைக்காக வாதாடியதும் இக்கருத்தின் வழியேயாகும்.

தனக்கு வேண்டும் உரிமையைப் பிறர்க்கு மறுப்பது தன்விருப்பு. அவ்வுரிமையைப் பிறர்க்கும் வேண்டி, அதற்காகத் தான் இழக்க முன்வருவது மனச்சான்று. பதவியை இழந்தார் ஒருவர். சிறை புகுந்தார் ஒருவர். தம் இல்லத்தைப் பிறர்க்கு அரணாக்கினார் மற்றொருவர். மாணவர்களே, நும் நெஞ்சில் ஒரு குரல் எழும்போது, அஃது எவர்க்காகப் பேசுகின்றது என முதலில் கேளுங்கள்.