கணக்கு நோட்டைப் பிள்ளைக்குக் காட்டுங்கள்

போடி வட்டாரத்துப் பெற்றோர்களே, கொஞ்சம் கண்டிப்பாகவே சொல்கிறேன். "எக்ஸும் ஒய்யும் நாளைக்குச் சோறு போடுமா?" என்று பிள்ளைகள் காதுபடப் பேசுவதை நிறுத்துங்கள். போடிமெட்டுக்கு மேலே ஏலக்காய் எடுத்து, உலர்த்தி, ஏலத்துக்கு அனுப்பிப் பிழைக்கிற ஊர் இது. நமக்குச் சோறு போடுவதே அந்தக் கணக்குதான்.

பத்தாம் வகுப்புக் கணக்குப் புத்தகம் 'உறவுகளும் சார்புகளும்' என்ற பாடத்தில் தொடங்குகிறது. ஒன்றைப் பொறுத்து இன்னொன்று மாறினால் அது சார்பு. அப்பா கூலி, அம்மா கூலி இரண்டும் வேலைக்குப் போகும் நாளைப் பொறுத்தவை. கூட்டினால் வீட்டு வருமானம். இது சார்புகளின் கூட்டல்.

கழித்தலைப் பாருங்கள். விற்கும் காய் 'க' கிலோ, விலை கிலோ 2,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். வரவு 2000க. எடுப்புக் கூலி, ஜீப் வாடகை, உலர்த்தும் செலவு எல்லாம் கிலோவுக்கு 1,000; காய் வந்தாலும் வராவிட்டாலும் ஆகிற உரம், மருந்து, களையெடுப்பு 50,000. லாபம் 2000க − (1000க + 50,000), அதாவது 1000க − 50,000. அடைப்பைப் பிரிக்கும்போது குறியை மாற்ற மறந்தால் 1000க + 50,000 ஆகிவிடும். 40 கிலோ காய்க்கு 10,000 ரூபாய் நட்டம், தாளில் 90,000 ரூபாய் லாபமாக நிற்கும். "ஒரு மார்க் போச்சே" என்று திட்டுகிறோமே, அந்தக் குறி என்ன செய்யும் என்று என்றைக்காவது சொன்னோமா?

செலவைக் 'க'வால் வகுத்தால் கிலோவுக்கு அடக்கவிலை: (1000க + 50,000)/க, அதாவது 1000 + 50,000/க. 50 கிலோவில் 2,000 ரூபாய். 100 கிலோவில் 1,500. மேலும் கீழும் 'க'வை அடித்துவிட்டு 51,000 என்று எழுதும் பிள்ளையிடம், "ஒரு கிலோ அவ்வளவா அடங்கும்?" என்று கேளுங்கள், தானே திருத்திக்கொள்ளும். பூச்சியத்தால் வகுக்கக் கூடாது என்பதும் அங்கேயே விளங்கும். காயே இல்லாதபோது கிலோவுக்கு அடக்கவிலை ஏது?

விலையும் நிலையாக நிற்பதில்லை. 2019 ஆகஸ்டில் புற்றடி ஏலத்தில் கிலோ 7,000 ரூபாய் வரை போனது. பிறகு ஆயிரத்துக்கும் கீழே இறங்கியதையும் பார்த்தோம். எடுப்புக்கு எடுப்பு விலையும் மாறி எடையும் மாறினால், இரண்டு சார்புகளையும் பெருக்கித்தான் வரவைச் சொல்ல முடியும். எண்ணுக்குப் பதில் எழுத்தை வைக்கப் பழகிய பிள்ளை விலை மாறினாலும் தடுமாறாது.

ஆனால் ஏலப் பணம் வந்து நாம் கணக்குப் பார்க்க உட்காரும்போது, "நீ போய்ப் படி" என்று விரட்டுகிறோம். பிறகு அதே கணக்கைச் சொல்லித்தர டியூஷனுக்குப் பணம் கட்டுகிறோம். இது நியாயமா?

அடுத்த எடுப்பு முடிந்ததும் நோட்டோடு பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வையுங்கள். மார்க்கைக் கேட்பதற்கு முன், எத்தனை கிலோவுக்கு மேல் போனால் லாபம் என்று கேளுங்கள். தப்பாகச் சொன்னால் அதட்டாமல், எந்த வரியில் தப்பியது என்று சேர்ந்து தேடுங்கள். உங்களுக்குத் தெரியாவிட்டால் பிள்ளையையே சொல்லித்தரச் சொல்லுங்கள். இதற்கு நீங்கள் பெரிய படிப்புப் படித்திருக்க வேண்டியதில்லை, அரை மணி நேரம் ஒதுக்கினால் போதும்.