வேலைக்குப் போகும் வழியில்: மாட்டேன் என்று சொன்ன ஜெனரல்



விடியப்புறம் நாம் வேலைக்குப் போகும் பேருந்து லுட்விக் பெக் வீதி என்ற தெருவால் திரும்பும். மூன்று வருடங்களாக அந்தப் பெயர்ப்பலகையைப் பார்த்திருக்கிறோம். யாரோ பெரிய வைத்தியராகவோ வாத்தியாராகவோ இருக்கும் என்றுதான் நினைத்திருந்தோம். சென்ற மாதம் எம்மோடு வேலை செய்யும் வயதான யேர்மன்காரர் ஒருவர், "அவர் ஹிட்லர் காலத்து ஜெனரல்" என்றார். எமக்கு முகம் மாறிவிட்டது. பள்ளிக்கூடம் போகிற வயதில் சென்றிக்கு முன்னால் சைக்கிளை விட்டு இறங்கி, அடையாள அட்டையைக் கையில் பிடித்தபடி வரிசையில் நின்றவர்கள் நாம். இராணுவ அதிகாரி என்றால் எம் மனதில் வரும் முகம் வேறு.

அவர் அதைக் கண்டுவிட்டுச் சிரித்தார். "முழுக்கதையையும் கேள்" என்றார். இடைவேளையில் அவர் சொன்னதையும் பிறகு நாம் நூலகத்தில் தேடி வாசித்ததையும் சேர்த்து இம்முறை எழுதுகிறோம்.

லுட்விக் பெக் 1880 யூன் 29ஆம் திகதி வீஸ்பாடனுக்கு அருகே, றைன் நதிக்கரையில் உள்ள பீப்றிஹ் என்ற ஊரில் பிறந்தார். தகப்பனார் அங்கே இரும்பு ஆலை நடத்தியவர். இரும்பின் வரலாற்றை ஐந்து பெரும் பாகங்களாக எழுதியவரும் அவரே. மகன் 1898இல் பீரங்கிப் படையில் சேர்ந்தார். முதலாம் உலகப் போரில் மேற்கு முனையில் படைத் தலைமையகங்களில் வேலை செய்தார். 1916இல் திருமணம் நடந்தது. அடுத்த வருடமே மனைவி இறந்துபோனார். ஒரேயொரு பெண்குழந்தை. அவர் மறுமணம் செய்யவில்லை.

இனி வரும் பகுதியை மறைத்து எழுதினால் அது பொய்க்கதையாகிவிடும். 1930இல் தமது படைப்பிரிவைச் சேர்ந்த இளம் அதிகாரிகள் நாஜிப் பிரசாரம் செய்ததாக லைப்சிக் நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டபோது, அவர்களுக்கு ஆதரவாகச் சாட்சி சொன்னவர் இதே பெக். 1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததையும் அவர் வரவேற்றார். 1934 ஓகஸ்ட் மாதம் யேர்மன் படையினர் எல்லோரும் ஹிட்லர் என்ற தனிமனிதருக்குக் கீழ்ப்படிவோம் என்று சத்தியம் செய்தார்கள். பெக்கும் செய்தார். 1935இல் தரைப்படைத் தலைமைப் பணியகத்தின் தலைவரானார். சிறியதாக இருந்த இராணுவத்தைப் பெரிதாகக் கட்டியெழுப்பிய கைகளில் அவர் கையும் ஒன்று.

1938இல் செக்கோசிலவாக்கியாவை அடித்து நொறுக்கப் போவதாக ஹிட்லர் ஜெனரல்களிடம் சொன்னார். பெக் தொடர்ந்து அறிக்கைகள் எழுதினார். ஆரம்பத்தில் அவர் எழுதியது ஓர் இராணுவக் கணக்கு. பிரான்சும் பிரித்தானியாவும் போருக்கு வரும், யேர்மனி தோற்கும் என்பது அந்தக் கணக்கு. யூலை மாதம் எழுதியவற்றில் வேறொன்றும் சேர்ந்தது. படையினரின் கீழ்ப்படிவுக்கும் ஓர் எல்லை உண்டு, அறிவும் மனச்சாட்சியும் பொறுப்பும் தடுக்கும் இடத்தில் அந்த எல்லை வந்துவிடுகிறது என்று எழுதினார். ஜெனரல்கள் எல்லோரும் ஒன்றாகப் பதவி விலகினால் போர் நடக்காது என்று தரைப்படைத் தளபதி பிறவுகிச்சிடம் சொன்னார்.

ஓகஸ்ட் 4ஆம் திகதி ஜெனரல்கள் கூடினார்கள். போர் வந்தால் ஆபத்து என்பதை அநேகமாக எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள். ஆனால் விலகுவோம் என்று எழும்ப ஒருவரும் இல்லை. ஓகஸ்ட் 18ஆம் திகதி பெக் தனியாகவே விலகினார். விடயத்தை வெளியே விடவேண்டாம் என்று ஹிட்லர் கேட்க, அவரும் பேசாமல் இருந்துவிட்டார். நாட்டு மக்களுக்கு ஒக்ரோபர் கடைசியில்தான் தெரிந்தது. அப்படி மௌனமாகப் போனது அவர் விட்ட பிழை என்று இன்றும் சொல்கிறார்கள்.

அந்தக் கூட்டத்தைப் பற்றி வாசிக்கும்போது எமக்கு எம்மையே நினைவு வந்தது. முன்பு நாம் வேலை செய்த ஓரிடத்தில், புதிதாக வந்த அகதிப் பொடியன் ஒருவனுக்கு மேலதிக நேரச் சம்பளத்தை வெட்டினார்கள். அது அநியாயம் என்று கன்ரீனில் எல்லோரும் கதைத்தோம். மைஸ்ரருக்கு முன்னால் ஒருவரும் வாய் திறக்கவில்லை. விசாவும் வீட்டு வாடகையும் எம் கண்ணுக்கு முன்னால் நின்றன. அந்தப் பொடியன் எம்மைப் பார்த்த பார்வை இன்னும் மறக்கவில்லை.

பதவியை விட்ட பிறகு பெக் வீட்டோடு முடங்கிவிடவில்லை. லைப்சிக் நகரத்தின் முன்னாள் மேயர் கேர்டலர் போன்றவர்களோடு சேர்ந்து ஹிட்லரை அகற்ற இரகசியமாக வேலை செய்தார். ஆட்சி மாறினால் நாட்டுத் தலைவராக வரவேண்டியவர் அவர்தான். 1944 யூலை 20ஆம் திகதி கேணல் ஸ்டவுபன்பேர்க் வைத்த குண்டு வெடித்தது. ஹிட்லர் தப்பிவிட்டார். அன்று பேர்லினில் இராணுவத் தலைமையகமான பெண்ட்லர் கட்டிடத்துக்குப் பெக் சாதாரண உடுப்பில்தான் வந்திருந்தார். இரவுக்குள் எல்லாம் முடிந்துவிட்டது. தம்மைத் தாமே சுட்டும் உயிர் போகாமல் கிடந்தவரைப் படைவீரன் ஒருவன் சுட்டான். ஸ்டவுபன்பேர்க்கும் மற்ற மூன்று அதிகாரிகளும் முற்றத்தில் சுட்டுக் கொல்லப்பட்டனர். புதைத்த உடல்களைத் தோண்டியெடுத்து எரித்துச் சாம்பலையும் தூவிவிட்டார்கள். அவருக்குக் கல்லறைகூட இல்லை.

போர் முடிந்த உடனே இந்த நாடு அவர்களைக் கொண்டாடவில்லை. துரோகிகள் என்று பலர் ஏசினார்கள். 1952இல் பிறவுன்ஸ்வைக் நீதிமன்றத்தில்தான் நிலைமை மாறத் தொடங்கியது. அவர்களைத் துரோகிகள் என்று மேடையில் பேசிய முன்னாள் அதிகாரி றேமருக்குத் தண்டனை கிடைத்தது. வழக்கை நடத்திய அரச சட்டத்தரணி பிறிட்ஸ் பவுவர் யார் தெரியுமா? நாஜிகளால் சிறை வைக்கப்பட்டு, 1936இல் டென்மார்க்குக்கும் 1943இல் சுவீடனுக்கும் தப்பியோடி, 1949இல் திரும்பி வந்த ஒரு யூதர். எம்மைப்போல ஓர் அகதி.

1956இல் இங்கே படைவீரர் சட்டம் வந்தது. மனித மாண்பைக் கெடுக்கும் கட்டளைக்குப் படைவீரர் கீழ்ப்படியத் தேவையில்லை, குற்றம் செய்யச் சொல்லும் கட்டளைக்குக் கீழ்ப்படியவே கூடாது என்று அதன் 11ஆம் பிரிவு சொல்கிறது. 1938இல் ஒரு மனிதர் கடதாசியில் எழுதிக் கொடுத்ததும் ஒருவரும் கேட்காததுமான கருத்து, இன்று இந்த நாட்டின் சட்டத்தில் இருக்கிறது.

எம் ஊரையும் நினைக்காமல் இருக்க முடியவில்லை. 1998இல் கொழும்பில் மரணதண்டனை விதிக்கப்பட்ட படைச்சிப்பாய் ஒருவர், மேலதிகாரிகள் கொண்டுவந்த உடல்களைச் செம்மணியில் புதைத்தோம் என்று நீதிமன்றத்திலே சொன்னார். 1999இல் 15 உடல்கள் எடுக்கப்பட்டன. 2025இல் செம்மணியில் மீண்டும் தோண்டியபோது சிறுவர்களின் எலும்புகளும் வந்தன. அந்த இரவுகளில், "இதை நான் செய்யமாட்டேன்" என்று சொல்ல ஒரு பெரிய அதிகாரி இருந்திருந்தால் எத்தனை தாய்மார் இன்று படத்தைப் பிடித்துக்கொண்டு தெருவில் நிற்கமாட்டார்கள்?

புதிதாக வந்திருக்கும் குடும்பங்களுக்கு ஒரு வார்த்தை. உங்கள் பிள்ளைகள் இங்கே பள்ளிக்கூடத்தில் இந்தக் கதையைப் படிப்பார்கள். பிரசாவுரிமை எடுத்தால் நாளைக்கு இந்த நாட்டுச் சீருடையையும் போடக்கூடும். பிள்ளை வீட்டில் வந்து கேட்டால், "ஆமிக் கதை எமக்கு வேண்டாம்" என்று தட்டிவிடாதீர்கள். பெக் பிந்தித்தான் விழித்தார், தோற்றும் போனார் என்பதையும் சேர்த்தே சொல்லுங்கள். பேர்லினுக்குப் போகிறவர்கள் ஸ்டவுபன்பேர்க் வீதியில் உள்ள அந்த முற்றத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள்.

இப்போது பேருந்து அந்தத் தெருவால் திரும்பும்போது நாம் பெயர்ப்பலகையை வேறு மாதிரிப் பார்க்கிறோம். அடுத்த முறை வேலைத்தளத்தில் யாருக்காவது சம்பளம் வெட்டினால் வாய் திறப்போமா என்பதுதான் எமக்கு மிச்சமிருக்கும் கேள்வி.