காணிக்கையும் கணக்கும்

மரக்காணத்தை அடுத்த எக்கியார்குப்பத்தில் ஒரு தேநீர்க் கடையில் நமக்கும் ஓர் உப்பளத் தொழிலாளிக்கும் நடந்த பேச்சே இத்தலையங்கத்தை எழுதும்படி செய்தது. அவர் சில வருஷங்களுக்கு முன் கிறிஸ்தவரானவர். அதைப் பற்றி நமக்கு ஆட்சேபணை ஒன்றுமில்லை. மழைக்காலம் வந்துவிட்டால் உப்பளத்தில் வேலை கிடையாது. பாத்தியில் மழைத் தண்ணீர் நின்றால் கூலிக்காரன் வீட்டு அடுப்பும் அணைந்துவிடும். இதற்காகத்தான் உப்பளத் தொழிலாளர் குடும்பத்துக்கு மழைக்கால நிவாரணமாக 5,000 ரூபாய் கொடுக்கும் ஏற்பாட்டைத் தமிழ்நாடு அரசு 2022ஆம் வருஷத்தில் செய்தது. அந்தப் பணம் கைக்கு வந்த அன்றைக்கே நமது தோழர் அதில் 500 ரூபாயைத் தசமபாகம் என்று தனியாக முடிந்து வைத்துவிட்டாராம். வீட்டம்மாளுக்குக் குழுக்கடன் தவணை பாக்கி. பையனுக்குக் காலில் செருப்பில்லை.

“அண்ணே, கடன்காரன் ஒரு வாரம் பொறுப்பான். ஆண்டவருக்கு உள்ளதைத் தொட்டா சாபம் வரும்னு பாஸ்டர் சொல்றாரு. நெசந்தானா?” என்று கேட்டார்.

இந்தக் கேள்விக்கு அந்த ஒருவருக்கு மாத்திரம் பதில் சொல்லிவிட்டுப் போவது போதாது. 2011ஆம் வருஷ ஜனக் கணக்குப்படி இந்நாட்டில் கிறிஸ்தவர்கள் சுமார் 44 லட்சம் பேர். இவர்களில் மிகப் பெரும்பாலோர் ஏழைகள். ஜாதியின் பேரால் மிதிக்கப்பட்டவர்கள். அவர்கள் ஞாயிற்றுக்கிழமைதோறும் பையில் போடும் காசு எங்கே போகிறது, எதற்காகப் போகிறது, யார் கேட்டுப் போகிறது என்பது அவர்களுடைய மானத்தையும் வயிற்றையும் பொறுத்த விஷயமாகும்.

நிற்க, இந்து மதத்திலிருந்து கொண்டு கிறிஸ்தவர்களை மட்டும் கேலி செய்பவர்களுக்கு ஆயுதம் எடுத்துக் கொடுப்பதற்காக நாம் இதை எழுதவில்லை. இதே கடற்கரைக் குப்பங்களில் அம்மன் திருவிழாவுக்குத் தலைக்கட்டு வரி போடுகிறார்கள். கடலில் மீன் கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் வரி கட்டியாக வேண்டும். அதற்கு வட்டிக்கு வாங்குகிறவர்களை நாம் அறிவோம். கோவில் உண்டியலைப் பற்றி இப்பத்திரிகை எழுதாத வருஷமில்லை. ஆனால் உண்டியல் கெட்டது, காணிக்கைப் பை நல்லது என்று நாம் சொன்னால் அதற்குப் பெயர் பகுத்தறிவாகாது.

பிடி அரிசி

முதலாவது, உள்ள நியாயத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். தமிழ்க் கிறிஸ்தவர்களுடைய கொடை முழுவதும் ஏமாளித்தனமாய் விளைந்ததல்ல. திருநெல்வேலிச் சீமையில் மதம் மாறிய ஏழைகளை மிராசுதாரர்கள் ஊரைவிட்டு விரட்டிய காலத்தில், அவர்கள் குடியேற நிலம் வாங்கித் தந்தது சபைகளில் திரண்ட பணம். 1799இல் ஏற்பட்ட முதலூர் அப்படிப்பட்ட குடியேற்றங்களுக்கு முன்னோடி. 1830இல் ரேனியஸ் பாதிரியார் காலத்தில் ஏற்பட்ட தர்ம சங்கமும் இவ்வேலைக்கென்றே தோன்றியது. பெண்கள் உலையில் அரிசி போடும்போதெல்லாம் ஒரு பிடி எடுத்துத் தனிப் பானையில் வைத்துச் சேர்த்துக் கொடுத்த ‘பிடி அரிசி’, காணிக்கை வகைகளிலெல்லாம் மிகவும் எளியது. காசு புழங்காத வீட்டிலும் பெண் கையில் அரிசி புழங்கும். இதே வழக்கம் மிசோராம் மலைநாட்டில் 1910 முதல் பெண்களால் நடத்தப்பட்டு, அங்குள்ள சபைக்கு ஒரு பெரிய வருமானமாகவே ஆகிவிட்டது.

வெள்ளாளன்விளையில் 1874இல் பிறந்த வி. எஸ். அசரியா என்பவர் 1903இல் பாளையங்கோட்டையில் இந்திய மிஷனெரி சங்கத்தை ஏற்படுத்தச் செய்தபோது, வெள்ளைக்காரன் பணம் வேண்டாம், நம் பணம், நம் ஆள், நம் நிர்வாகம் என்பதையே அதன் கொள்கையாக வைத்தார். 1910இல் எடின்பரோ மகாநாட்டில் வெள்ளைக்கார மிஷனெரிகளைப் பார்த்து, நீங்கள் பொருளைக் கொடுத்தீர்கள், உடலையும் கொடுத்தீர்கள், எங்களுக்கு வேண்டியது உங்கள் சிநேகம் என்னும் கருத்தில் பேசினார். கொடுப்பவன் மேலாகவும் வாங்குபவன் கீழாகவும் இருப்பது மனிதத் தன்மைக்குக் குறைவு என்பதுதானே அதன் பொருள்? அவர் கடவுளை நம்பியவர். பிற்காலத்தில் பிஷப்பாகவும் இருந்தவர். நமக்கும் அவருக்கும் கொள்கையில் வெகுதூரம். ஆயினும் சொந்தக் காலில் நிற்க வேண்டுமென்று அவர் சொன்னதைச் சுயமரியாதைக்காரர்களாகிய நாம் மதிக்காமலிருக்க முடியாது.

ஆனால் நாம் கேட்பது என்னவென்றால், வெள்ளைக்காரனிடம் கேட்ட அந்த மரியாதையை இன்று ஏழைக் கிறிஸ்தவன் தன் சபையாரிடமே கேட்க இடமிருக்கிறதா என்பதுதான்.

பங்கு போய் வரி வந்தது

கொடை என்பது மனதார எடுத்து வைக்கும் பங்காக இருக்கும் வரையில் அதில் குற்றமில்லை. அதிகாரம் கலந்தவுடனே அது வரியாகிவிடுகிறது. கன்னியாகுமரிக் கடற்கரைக் கத்தோலிக்க மீனவர்கள் ஒரு காலத்தில் தாங்கள் பிடித்த மீனில் கோவிலுக்குப் பங்கு கொடுத்து வந்தார்கள். அதற்குக் ‘குத்தகை’ என்று பெயர். வசூலிக்கும் உரிமையையே ஏலத்தில் எடுத்தவன் கரையில் வந்து நின்று, வலையிலிருந்து மீன் கொட்டியவுடனே எடுத்துக்கொண்டு போவான். அலையில் உயிரைப் பணயம் வைத்தவன் ஒருவன். மணலில் நின்று அள்ளியவன் மற்றொருவன்.

இன்றைக்கும் சில சபைகளில் சங்கக் காணிக்கை பாக்கி வைத்தவனுக்கு ஓட்டுரிமை இல்லை. அவன் வீட்டுக் கல்யாண ஓலை வாசிப்பதற்கும், கல்லறையில் குழி தோண்டுவதற்கும் பாக்கியைத் தீர்த்துவிட்டு வா என்று சொல்லுகிற இடங்களும் உண்டு. அறுப்பின் பண்டிகை ஏலத்தில் ஒரு தேங்காயோ ஒரு கோழி முட்டையோ பல ஆயிரத்துக்குப் போகிறது. ஏலம் எடுத்த பிரமுகர் நிமிர்ந்து உட்காருகிறார். அந்த முட்டையைக் கொண்டுவந்து வைத்த கிழவி கடைசி வரிசையில் தரையில் உட்காருகிறாள்.

மூன்றாவது ஒரு வகை, தொலைக்காட்சி வந்த பிறகு தழைத்தது. மாதம் இவ்வளவு கட்டினால் குழந்தைக்குப் பரீட்சையில் பாஸ், இவ்வளவு கட்டினால் வியாபாரத்தில் லாபம் என்று ஆசீர்வாதத்தைச் சீட்டுக் கம்பெனித் தவணை மாதிரி ஆக்கிவிட்டார்கள். 2020இல் கொரோனாவால் கோவில்களைப் பூட்டியபோது, ஜெபம் கைப்பேசிக்குள் போயிற்று; காணிக்கையும் கூடவே போயிற்று. இன்று பையை நீட்டவே வேண்டியதில்லை. சதுரப் புள்ளிப் படத்தைக் காட்டினால் போதும். பை நீட்டிய காலத்தில் காசு உள்ளூரிலாவது கிடந்தது. இப்போது கூலிக்காரனின் ரூபாய் எந்த ஊருக்குப் போயிற்று என்பது அவனுக்கே தெரியாது.

சாபம் எங்கே இருக்கிறது?

தசமபாகம் கொடுக்காவிட்டால் சாபம் என்று சொல்பவர்கள் காட்டுவது மல்கியா என்னும் ஆகமத்தின் 3ஆம் அதிகாரம். நாமும் அதைப் புரட்டிப் பார்த்தோம். சாபத்தைச் சொல்லும் இடத்துக்கு நாலு வசனம் முன்னால், கூலிக்காரனுடைய கூலியை வஞ்சிக்கிறவர்களையும் விதவையையும் திக்கற்ற பிள்ளையையும் ஒடுக்குகிறவர்களையும் கண்டித்திருக்கிறது. அதைப் பற்றி எத்தனை பேர் பிரசங்கம் செய்கிறார்கள்? உபாகமம் 14ஆம் அதிகாரத்தைப் பார்த்தால், தசமபாகம் தானியத்திலும் திராட்ச ரசத்திலும் எண்ணெயிலும் எடுக்கப்பட்டது. கொடுத்தவனே குடும்பத்தோடு சாப்பிட்டு மகிழவும், மூன்றாம் வருஷத்தில் நிலமில்லாத லேவியரோடு பரதேசியும் விதவையும் அநாதையும் வந்து சாப்பிட்டுத் திருப்தியாகவும் ஏற்பட்டது. நிலமுள்ளவனுக்கும் மந்தையுள்ளவனுக்கும் போட்ட சட்டத்தை, ஒரு பாத்திகூடச் சொந்தமில்லாத உப்பளக் கூலியின் நிவாரணப் பணத்தின் மேல் சுமத்துவது எந்த வேத நியாயம்?

ஏழை விதவை இரண்டு காசு போட்ட கதையும் அப்படித்தான். அதைச் சொல்லாத காணிக்கைப் பிரசங்கமே இல்லை. மாற்கு 12ஆம் அதிகாரத்தில் அக்கதைக்குச் சற்று முன்னாலேயே, நீண்ட ஜெபம் செய்து விதவைகளின் வீடுகளை விழுங்குகிற வேதபாரகரை ஏசு கண்டிக்கிறார். கதை முடிந்த கையோடு, அந்தத் தேவாலயம் கல்லின்மேல் கல் இராமல் இடியும் என்கிறார். முன்னும் பின்னும் வெட்டிவிட்டு நடுவில் உள்ள இரண்டு காசை மட்டும் எடுத்துக்கொள்வது புரோகித சாமர்த்தியமேயல்லாமல் வேறென்ன?

விதவை என்றால் எக்கியார்குப்பத்துக்குக் கதை தேவையில்லை. 2023 மே மாதத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்து இவ்வூரிலும் சுற்றுப்புறத்திலும் 14 பேர் மாண்டார்கள். எந்தச் சாமியும் தடுக்கவில்லை, எந்தக் காணிக்கையும் காக்கவில்லை. அரசாங்கம் குடும்பத்துக்கு 10 லட்ச ரூபாய் கொடுத்தது. அது வரிப்பணம், அதாவது நம் எல்லோருடைய பணம். அதற்குச் சட்டசபையில் கணக்குக் கேட்கலாம். அந்தக் கணக்குக் கேட்கும் பாத்தியதை காணிக்கைக்கு ஏன் இல்லை?

காசுக்கு ஜாதி இல்லையாம்

இன்னொரு விஷயம். காணிக்கைப் பையில் பறையர் காசும் வன்னியர் காசும் வெள்ளாளர் காசும் ஒன்றாகவே கலக்கின்றன. ஆனால் போட்டவர்கள் கலப்பதில்லை. வடக்கன்குளம் கோவிலில் ஜாதிகளைப் பிரிக்கக் கட்டின சுவர் 1910 வரையில் நின்றது. திருச்சி மேலப்புதூர் கல்லறைத் தோட்டத்தில் செத்தவர்களுக்கு நடுவிலும் சுவர் எழுப்பினார்கள். அப்போது விழுப்புரம் ஜில்லாவிலிருந்த எறையூரில், சம உரிமை மறுக்கப்பட்ட தாழ்த்தப்பட்ட கிறிஸ்தவர்கள் தங்களுக்குத் தனிப் பங்கு கேட்டதன் பேரில் கலகம் மூண்டு, 2008 மார்ச்சில் போலீசார் சுட்டு இரண்டு உயிர் போயிற்று. தொட்டால் தீட்டாகாத பணத்தைக் கொடுத்தவன் மட்டும் தீட்டு என்றால், அப்படிப்பட்ட இடத்துக்கு ஒரு காசு கொடுப்பதும் தன்னைத் தானே இழிவுபடுத்திக் கொள்வதேயாகும்.

உலகப் போக்கு

வெளிநாடுகளில் என்ன நடக்கிறது? இங்கிலாந்தில் நிலத்தின் பேரில் நூற்றாண்டுக் கணக்காக வசூலித்த தசமபாகத்தை 1936ஆம் வருஷச் சட்டம் ஒழிக்க ஏற்பாடு செய்தது. ஜெர்மனியில் சர்க்காரே வருமான வரியோடு சேர்த்து அதில் நூற்றுக்கு எட்டு, ஒன்பது பங்கு சபை வரி வசூலித்துக் கொடுக்கிறது. அங்கே கத்தோலிக்க சபையிலிருந்து பெயரை அடித்துவிட்டு வெளியேறியவர்கள் 2022இல் 5 லட்சத்துக்கு மேல், 2023இல் 4 லட்சத்துக்கு மேல். அமெரிக்காவில் 1980களில் ஜனங்கள் செய்த தர்மத்தில் பாதிக்கு மேல் மத ஸ்தாபனங்களுக்குப் போயிற்று. 2023இல் அது கால்வாசிக்குக் கீழே வந்துவிட்டது. கல்விக்கும் வைத்தியத்துக்கும் மற்றப் பொதுக் காரியங்களுக்கும் கொடுப்பது நின்றுபோகவில்லை. இதிலிருந்து, தர்ம சிந்தைக்கு மதம் வேண்டியதில்லை என்பது விளங்கும். 2010ஆம் வருஷச் சட்டமும் 2020இல் செய்த திருத்தமும் வெளிநாட்டுப் பணத்துக்கு நெருக்கடி கொடுத்திருக்கிற இக்காலத்தில், சபைகள் உள்ளூர் ஏழையின் சட்டைப் பையையே அதிகமாக நம்பும். ஆகவே கணக்குக் கேட்க இதுவே சமயம்.

செய்ய வேண்டியது

கோவில் சொத்தைப் பரிபாலிக்க நீதிக்கட்சியார் 1920களில் சட்டம் கொண்டுவந்தபோது மடாதிபதிகள் மதம் போச்சு என்று கூக்குரலிட்டார்கள். மதம் போகவில்லை, கணக்குத்தான் வெளியே வந்தது. சர்ச் சொத்துக்கு அப்படியொரு சட்டம் கிடையாது. கேரளத்தில் 2009இலும் 2019இலும் மசோதா எழுதப்பட்டுக் கிடப்பில் போடப்பட்டது. நம் நாட்டிலும் 2024இல் சென்னை ஐகோர்ட்டின் மதுரைக் கிளையில் இந்த யோசனை எழுந்தது. சர்க்கார் எந்த மதத்துக்காரர் கையில் இருந்தாலும், சபைப் பணத்தை எடுத்து ஆளும்படி விடக்கூடாது. கணக்கை அவரவர் சபையாருக்குக் காட்டும்படி எல்லா மதத்துக்கும் ஒரே மாதிரிச் சட்டம் செய்வதே நியாயம்.

சட்டம் வரும் வரையில் கிறிஸ்தவத் தோழர்கள் காத்திருக்க வேண்டியதில்லை. வருஷத்துக்கு ஒரு தரமாவது வரவு செலவைச் சபையில் வாசித்து வாசலில் ஒட்டும்படி கேளுங்கள். நிர்வாகக் கமிட்டியில் பிடி அரிசி கொடுத்த பெண்களுக்கும் கூலிக்காரர்களுக்கும் சரிபாதி இடம் கேளுங்கள். யார் எவ்வளவு கொடுத்தார் என்று பெயர் வாசித்து ஏழையைத் தலைகுனிய வைக்கும் வழக்கத்தை நிறுத்தச் சொல்லுங்கள். உங்கள் பணத்தால் வளர்ந்த பள்ளிக்கூடத்தில் உங்கள் பிள்ளைக்கு இடமும் சம்பளச் சலுகையும் உண்டா என்று கேளுங்கள். பதில் வராத இடத்துக்குப் பணமும் போக வேண்டாம்.

எக்கியார்குப்பத்துத் தோழருக்கு நாம் சொன்னதும் இதுதான். “முதலில் வீட்டம்மாள் தவணையைக் கட்டுங்கள். பையனுக்குச் செருப்பு வாங்குங்கள். மிச்சமிருந்து கொடுக்க மனமிருந்தால், பக்கத்துத் தெருவில் அடுப்பெரியாத வீடு ஒன்று இருக்கும். நீங்களே நேரில் போய்க் கொடுங்கள். சாபம் வந்தால் நம் பெயரைச் சொல்லிவிடுங்கள்.”

அவர் சிரித்தார். முடிச்சை அவிழ்த்தாரா என்பது தெரியாது. ஆனால், “கணக்கு மட்டும் இந்த ஞாயித்துக்கெழமை கேட்டுப் பாக்கறேன் அண்ணே” என்றார். நமக்கு இப்போதைக்கு அது போதும்.