பறிக்கப்படும் திரை

உத்தரப்பிரதேச மாநிலம் பாக்பத் மாவட்டத்தின் அசாரா சிற்றூரில், 2012 ஜூலையில் பஞ்சாயத்து ஓர் ஆணை பிறப்பித்தது. காதல் திருமணம் கூடாது. 40 வயதுக்குட்பட்ட பெண்கள் தனியே கடைவீதி செல்லலாகாது. வீட்டுக்கு வெளியே கைப்பேசி பயன்படுத்தலாகாது. 2019இல் குஜராத்தின் பனாஸ்காண்டா மாவட்டத்தில் ஒரு சமூகத்தின் பெரியவர்கள், மணமாகாத பெண்கள் கைப்பேசி வைத்திருக்கவே தடை விதித்தனர். கைப்பேசியும் அதன்வழி வரும் இந்தித் திரைப்படமும் பெண்பிள்ளைகளைக் கெடுக்கின்றன என்பார் பலர். இவ்வாதம் நேர்மையானதா என நாம் கேட்கிறோம்.

இந்தித் திரைப்படம் நேற்று வந்ததன்று. 1980களிலேயே தூர்தர்ஷனின் 'சித்ரஹார்' பாடல்களைக் குடும்பங்கள் கூடியமர்ந்து கண்டன. 1995இல் 'தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே' வெளிவந்தது. திரையில் காதல் அன்றும் இருந்தது. ஆயினும், எதைப் பார்ப்பது, எப்போது எழுந்து அடுப்படிக்குச் செல்வது என்பதையெல்லாம் பெண் தீர்மானிக்கவில்லை. ஆகவே அன்று எவரும் பதறவில்லை.

இன்று மாறியிருப்பது படத்தைவிட, தீர்மானிப்பவரே. 2016 செப்டம்பரில் ஜியோ வந்தபின் இணையக் கட்டணம் வெகுவாகக் குறைந்தது. வயல்வேலை முடித்து வரும் பெண், விரும்பிய காட்சியைத் தானே தேர்ந்து, நிறுத்தி, மீண்டும் பார்க்கிறாள். முக்காடிட்ட மணப்பெண்கள் இருவர் இரயிலில் இடம் மாறிப்போகும் கதையே 'லாபதா லேடீஸ்'. அவர்களுள் ஒருத்தி படிக்கத் துடிப்பவள். 2024 மார்ச்சில் அரங்குக்கு வந்த அப்படம் ஏப்ரலிலேயே நெட்ஃபிளிக்ஸில் வெளியாயிற்று. அழைத்துச் செல்ல ஆளில்லாதவளும், கைப்பேசி கிட்டினால், அதைக் காண வழி பிறந்தது. பெரியவர்கள் அஞ்சுவது இந்தத் தனிமையான தேர்வுக்கன்றோ?

2019–21ஆம் ஆண்டுகளின் தேசியக் குடும்பநல ஆய்வைப் பாருங்கள். கிராமப்புறப் பெண்களில் இணையத்தை ஒருமுறையேனும் பயன்படுத்தியோர் 24.6 விழுக்காடு, ஆண்களில் 48.7 விழுக்காடு. திரை கெடுக்குமெனில், இருமடங்கு கெட்டிருக்க வேண்டியவர்கள் ஆண்பிள்ளைகளே. அவர்களுக்கு ஏன் தடையில்லை?

அரை நிமிடத் துணுக்குகளில் பெண்ணுடல் விலைபொருளாக்கப்படுவதை நாம் மறுக்கவில்லை. ஆனால் நன்றையும் தீதையும் பகுத்தறியும் மனம் பறிப்பதால் வளராது. உடனமர்ந்து பார்த்து உரையாடுவதால் வளரும். அவ்வாறு பேசத் துணியாதவர்களே தடையை நாடுகின்றனர்.

மகளின் கைப்பேசியைப் பறிக்க நீளும் கரம், முதலில் மகனின் கைப்பேசியைத் திறந்து பார்க்கட்டும்.