‘பழைய முறிவு’ என்று எழுதினால் போதாது

கீழப்பாவூரிலிருந்து பாவூர்சத்திரம் போனால் திருநெல்வேலி–தென்காசி சாலை. இருசக்கர வாகனம் சறுக்கித் தோள் தரையில் அடிபட விழுந்தால் பெரும்பாலும் முறிவது காறை எலும்பு. உள்பக்கத் துண்டைக் கழுத்துத் தசை மேலே இழுக்கும். வெளிப்பக்கத் துண்டு கையின் கனத்தில் கீழே சரியும். கையைக் கழுத்தில் தொங்கவிட்டு 6 முதல் 12 வாரம் பொறுத்தால் பலருக்கும் சேர்ந்துவிடும். லேசான கோணல் யாரையும் படுத்தாது.

ஆனால் எலும்பு 2 செ.மீ. குறுகி ஒட்டினால் கதை வேறு. தோள் முன்பக்கம் சரியும். தலைக்கு மேல் கையைத் தூக்கினால் சீக்கிரம் அசதி வரும். சிலருக்கு விரல்வரை மரத்துப்போகும். பாவூர்சத்திரம் காய்கறிச் சந்தையில் மூட்டை தூக்குகிறவருக்கு இது பிழைப்பில் விழுந்த அடி.

அவர் ஆறு மாதம் கழித்து ஆஸ்பத்திரிக்கு வந்தால் ஓ.பி. சீட்டில் என்ன எழுதப்படும்? ‘இடது காறை எலும்பு, பழைய முறிவு.’ கணினியில் ஏறினால் எஸ் 42.0, அதாவது நேற்று விழுந்தவருக்கும் போடுகிற அதே குறியீடு. உலக சுகாதார நிறுவனத்தின் பத்தாம் நோய்க் குறியீட்டுப் பட்டியலில் கோணலாக ஒட்டிய முறிவுக்கென எம் 84.0 இருக்கிறது. ஒட்டாமலே போனதற்கு எம் 84.1, தாமதமாக ஒட்டுவதற்கு எம் 84.2. கடைசியில் 1 என்ற எண்ணைச் சேர்த்தால் தோள்பகுதி என்று இடமும் தெரிந்துவிடும். பதினோராம் பட்டியல் 2022 ஜனவரியிலேயே நடைமுறைக்கு வந்துவிட்டது. நாம் பத்தையே பாதிதான் பயன்படுத்துகிறோம்.

இது வெறும் குமாஸ்தா வேலை என்று ஒதுக்கக் கூடாது. காப்பீட்டு நிறுவனங்களின் பொதுவான கோரிக்கைப் படிவத்தில் நோய்க் குறியீட்டுக்குத் தனிக் கட்டம் உண்டு. விபத்து இழப்பீட்டில், உறுப்பு எத்தனை சதவீதம் கெட்டது என்பதோடு நிற்காமல், அந்தக் குறை அவருடைய தொழிலை எவ்வளவு பாதிக்கிறது என்றும் பார்க்க வேண்டும் என உச்ச நீதிமன்றம் 2010-இல் ராஜ்குமார் வழக்கில் தெளிவாகச் சொன்னது. கையிலிருக்கும் காகிதத்தில் வெறும் ‘முறிவு’ என்றும், பிறகு ‘ஒட்டிவிட்டது’ என்றும் மட்டும் இருந்தால், தீர்ப்பாயத்தில் அவர் எதைக் காட்டுவார்?

கட்டுப் போடும் வைத்தியர்மீது பழியைப் போட்டு முடித்துவிடுவது சுலபம். மூங்கில் பத்தை வைத்துக் கட்டியவருக்கும் கோணுகிறது. ஆஸ்பத்திரிக் கட்டை மூன்றாம் வாரமே அவிழ்த்துவிட்டுக் கூலிக்குப் போனவருக்கும் கோணுகிறது. எதனால் எத்தனை பேருக்கு என்று சொல்ல வேண்டுமானால் எம் 84.0 தனியாக எண்ணப்பட வேண்டும். எஸ் 42.0-க்குள் புதைந்து கிடக்கும்வரை இரு தரப்பும் வாய்ச்சண்டைதான் போடலாம்.

வரிசையில் நூறு பேர் நிற்கும்போது டாக்டர் குறியீடு தேடிக்கொண்டிருக்க முடியாது என்பது நியாயமே. அவர் தேட வேண்டாம். எந்தப் பக்கம், எத்தனை செ.மீ. குறுகியிருக்கிறது, கை எதுவரை உயர்கிறது, ‘கோணலாக ஒட்டியது’ என்ற இவற்றை மட்டும் எழுதட்டும். குறியீடு போடுவது மருத்துவ ஆவணப் பிரிவின் வேலை. அதற்குப் பயிற்சி பெற்றவர் அங்கே இருக்க வேண்டும். 2019 நவம்பரில் தனி மாவட்டமான தென்காசியின் தலைமை மருத்துவமனை, எலும்பு முறிவுப் பிரிவிலிருந்து இதைத் தொடங்கட்டும். எக்ஸ்ரே படத்தோடு அந்தக் குறிப்பின் நகலையும் நோயாளியின் கையிலேயே கொடுத்தனுப்பட்டும்.