செல்ஃப் எடுக்கலையா மாப்ளே?

போன வாரம் கியர் பாக்ஸைப் பிரிச்சு மேஞ்சோம். இந்த வாரம் பானெட்டுக்குக் கீழே ஒரு ஓரமா, யாருமே கண்டுக்காம உட்கார்ந்திருக்கற டப்பா. பேட்டரி! நல்லா இருக்கற வரைக்கும் அப்படி ஒண்ணு இருக்கறதே நமக்கு ஞாபகம் வராது. மண்டையைப் போட்டுச்சுன்னா வேற எதுவுமே ஞாபகம் வராது.

என் மாப்ளே ஒருத்தன் ஈ.ஈ.ஈ. மூணாம் வருஷம். ஊரு புதுக்கோட்டை. அவங்க அப்பா ஒரு பழைய டீசல் கார் வச்சு டாக்ஸி ஓட்டறார். புதுக்கோட்டை, அறந்தாங்கி பக்கம் உள்ளவங்களுக்குத் தெரியும்... வீட்டுக்கு ஒருத்தராவது சிங்கப்பூர், மலேசியா, துபாய்னு போயிருப்பாங்க. திருச்சி ஏர்போர்ட்டும் வசதியா புதுக்கோட்டை ரோட்டுலேயே இருக்கு. அதனால மாமாவுக்கு முக்கால்வாசி வாடகை ஏர்போர்ட் டிரிப்தான். அதுல தான் மாப்ளேயோட செமஸ்டர் ஃபீஸே ஓடுது.

ஒருநாள் ராத்திரி 2 மணி. சிங்கப்பூர் போற அண்ணன் ஒருத்தர் பெட்டி படுக்கையோட வாசல்ல நிக்கறார். வழியனுப்ப மொத்தக் குடும்பமும் கண்ணைக் கசக்கிட்டு நிக்குது. மாமா சாவியைத் திருகறார். 'டக்'. திரும்பத் திருகறார். 'டக்'. அவ்வளவுதான்! கண்ணைக் கசக்கிட்டு நின்ன சொந்தக்காரங்களே சேலையை இழுத்துச் சொருகிட்டு வண்டியைத் தள்ளிப் பாத்திருக்காங்க. ம்ஹூம். கடைசியில மாமா கெஞ்சிக் கூத்தாடி வேற ஒரு வண்டியை வரவழைச்சு, அந்த வாடகையையும் தன் கையிலேர்ந்தே கொடுத்திருக்கார். ஃப்ளைட்டைப் பிடிச்சுட்டாங்க. ஆனா 'அவர் வண்டியா? வேணாம்ப்பா'ன்னு தெருவுல பேச்சு கிளம்பிடுச்சு. டாக்ஸிக்காரருக்குப் பேரு தானே மூலதனம்?

இத்தனைக்கும் அந்த பேட்டரி வாங்கி நாலே மாசம்! காலையில மாமா பையனைப் பாத்துக் கேட்ட கேள்வி இது தான்: "ஏண்டா, கரண்ட்டுக்குத்தானே படிக்கறே? இதுல என்ன எழுதியிருக்குன்னு சொல்லு பாப்போம்."

மாப்ளே குனிஞ்சு ஸ்டிக்கரைப் பாத்தான். 12 வோல்ட்னு ஒண்ணு புரிஞ்சுது. மத்ததெல்லாம் பஸ் டிக்கெட் நம்பர் மாதிரி இருந்துச்சாம். எனக்கு போன் போட்டான். அந்த போன்ல பேசினதுதான் இந்த வாரக் கட்டுரை.

முதல்ல அந்த 12. உள்ளே ஆறு செல் வரிசையா இருக்கு. ஒவ்வொண்ணும் சுமார் 2.1 வோல்ட். அப்போ ஃபுல் சார்ஜ்ல 12.6 வரணும். வண்டியை ஆஃப் பண்ணி ஒரு நாலஞ்சு மணி நேரம் விட்டுட்டு மல்டிமீட்டரை வச்சுப் பாருங்க. 12.6-க்கு மேலேன்னா ஜோர். 12.4-னா முக்கால் வயிறு. 12.2-னா அரை வயிறு. 12-க்குக் கீழே போச்சுன்னா பட்டினி. வெறும் 0.6 வோல்ட்டுல தான் மொத்த வாழ்க்கையே இருக்கு பாருங்க! "12 வோல்ட் காட்டுதே, நல்லாத்தானே இருக்கு?"ன்னு மாமாவை ஒருத்தர் அனுப்பி வச்சதும் இதனால தான். லேப்ல மார்க்குக்காக மட்டும் தொடற மல்டிமீட்டர், சில நூறு ரூபாய்க்குக் கடையில கிடைக்குது. வாங்கி வச்சுக்கலாம், தப்பில்லை.

அடுத்தது ஏ.ஹெச்., அதாவது ஆம்பியர் ஹவர். 35 ஏ.ஹெச்.னு போட்டிருந்தா, '35 ஆம்பியரை ஒரு மணி நேரம் தரும்'னு நம்மாளுங்க எக்ஸாம்ல எழுதுவாங்க. தப்பு! பொதுவா அந்தக் கணக்கு 20 மணி நேரத்துக்கு. 35-ஐ 20-ஆல வகுங்க. 1.75 ஆம்பியர். அந்த அளவுல மெதுவா, 10.5 வோல்ட்டுக்கு இறங்கற வரைக்கும் எடுத்தா 20 மணி நேரம் தாங்கும். அவசர அவசரமா உறிஞ்சினா அதுவும் கிடைக்காது. ரெண்டு ஹெட்லைட்டும் சேர்ந்து சுமார் 9 ஆம்பியர் இழுக்கும். அணைக்காம சினிமாவுக்குப் போய்ட்டு வந்தீங்கன்னா... கிளைமாக்ஸ் பார்க்கிங்ல தான்.

இப்போ ஒரு சுவாரஸ்யமான கணக்கு. இன்ஜினை ஸ்டார்ட் பண்ண செல்ஃப் மோட்டார் 150 ஆம்பியர் இழுக்குதுன்னு வைங்க. 3 செகண்ட்ல ஸ்டார்ட் ஆயிடுச்சு. 150-ஐ 3-ஆல பெருக்கி 3,600-ஆல வகுங்க. 0.125 ஏ.ஹெச்! இவ்வளவு பெரிய டப்பாவுல, ஸ்டார்ட்டுக்குப் போறது இம்மாத்துண்டு. அப்போ பிரச்னை எவ்வளவு சேமிச்சு வச்சிருக்குங்கறது இல்லை. கேட்ட நொடியில மொத்தமா எடுத்துத் தர முடியுமாங்கறது தான். (ஊருக்குள்ள நிலம் நீச்சு எல்லாம் இருக்கும், அவசரத்துக்குக் கேட்டா கையில காசு இருக்காது... அந்த மாதிரி பெரியப்பாக்களைப் பாத்திருப்பீங்களே!)

அந்தக் 'கையில காசு'க்குப் பேரு தான் சி.சி.ஏ., கோல்ட் கிராங்கிங் ஆம்ப்ஸ். மைனஸ் 18 டிகிரி குளிர்ல, 30 செகண்ட் தொடர்ந்து, வோல்ட்டேஜ் 7.2-க்குக் கீழே இறங்காம எவ்வளவு ஆம்பியர் தருதுங்கறது அமெரிக்க அளவுமுறை. புதுக்கோட்டையில மைனஸ் 18 டிகிரி எங்கே இருக்கு? ஐஸ்கிரீம் கடை ஃப்ரீசருக்குள்ள இருக்கும். அதனால இந்த நம்பர் நமக்கு வேண்டாம்னு அர்த்தம் இல்லை. ஒரே சைஸ்ல ரெண்டு பேட்டரியை ஒப்பிட்டா எதுக்கு வலு ஜாஸ்தின்னு இது சொல்லிடும். டீசல் இன்ஜின்ல காத்தை ரொம்ப இறுக்கமா அமுக்கணும். அதைச் சுத்தி விடறதுக்கு வலு ஜாஸ்தி வேணும். மாமா வண்டியில மாட்டியிருந்தது சின்ன பெட்ரோல் காருக்கான பேட்டரி! 'விலை கம்மி, இதே போதும்ணே'ன்னு யாரோ தலையில கட்டியிருக்காங்க. வண்டியோட கைப்புத்தகத்தைத் தேடி எடுத்துப் பாத்தா, அதுல போட்டிருந்தது இதைவிட ரொம்பப் பெரிய அளவு. அந்தப் புத்தகம் எங்கே இருந்துச்சு தெரியுமா? பிளாஸ்டிக் உறையைக்கூடப் பிரிக்காம டேஷ்போர்டுக்குள்ள!

குளிர் பேட்டரியைச் சோம்பேறி ஆக்கும். வெயில் ஆளையே காலி பண்ணிடும். சுமார் 10 டிகிரி சூடு ஏறினா ஆயுசு பாதியாயிடும்னு தோராயமா ஒரு கணக்கு உண்டு. அக்னி நட்சத்திரத்துல கீரனூர் ரோட்டுல ஓடற வண்டியோட பானெட்டுக்குள்ள கொஞ்சம் கற்பனை பண்ணிப் பாருங்க. உள்ளே இருக்கற தகடு அரிக்கும், தண்ணி ஆவியாகும். வெளிநாட்டுக்காரன் இன்டர்நெட்ல '6 வருஷம் உழைச்சுது'ன்னு எழுதறதை நம்பி நம்ம ஊருல கணக்குப் போடாதீங்க.

இந்தத் தண்ணி விஷயத்துல தான் 'மெயின்டனன்ஸ் ஃப்ரீ' வருது. 1859-ல பிரான்ஸ் நாட்டு காஸ்தோன் பிளாந்தே ஈயமும் கந்தக அமிலமும் வச்சு செஞ்ச அதே சமாச்சாரம்தான் இன்னிக்கும் உள்ளே இருக்கு. ஈயம் ரொம்ப மெது. அதைக் கெட்டியாக்க ஆன்டிமனின்னு ஒரு உலோகத்தைக் கலந்தாங்க. அந்த ஆன்டிமனி, சார்ஜ் ஏறும்போது தண்ணியைச் சீக்கிரமா ஹைட்ரஜன், ஆக்சிஜன்னு பிரிச்சு விட்டுடும். அதான் மாசா மாசம் மூடியைத் திறந்து டிஸ்டில்டு வாட்டர் ஊத்தற வேலை. ஆன்டிமனிக்குப் பதிலா கால்சியம் கலந்தா இந்த இழப்பு ரொம்பக் குறைஞ்சுடுது. கிளம்பற ஆவியையும் மேல் மூடியிலேயே குளிரவச்சுத் திருப்பி அனுப்பிடறாங்க. ஆயுசு முழுக்கத் தண்ணி ஊத்த வேணாம். அது தான் மெயின்டனன்ஸ் ஃப்ரீ. 'கவனிக்கவே வேணாம்'னு அர்த்தம் இல்லை ராசா! டெர்மினல்ல வெள்ளையா பச்சையா பூத்துச்சுன்னா வெந்நீர் விட்டுக் கழுவி, காயவச்சு, கொஞ்சம் வேசலின் தடவணும். கிளாம்ப் ஆடாம இருக்கணும். மேல பச்சைக் கண்ணு ஒண்ணு தெரியுதே, 'மேஜிக் ஐ', அது பச்சையா இருந்தா எல்லாம் ஓ.கே.ன்னு நம்பிடாதீங்க. ஆறு செல்லுல ஒரே ஒரு செல்லைத்தான் அது எட்டிப் பாக்குது. மத்த அஞ்சு பேரு என்ன பண்றாங்கன்னு அதுக்குத் தெரியாது.

இன்னொண்ணும் சொல்லிடறேன். மெயின்டனன்ஸ் ஃப்ரீ தான் எப்பவும் பெஸ்ட்னு நான் சொல்ல மாட்டேன். பழைய வண்டி, ஆல்டர்னேட்டர் 15 வோல்ட்டுக்கு மேல அடிச்சு ஓவரா சார்ஜ் ஏத்துதுன்னா, மூடி திறக்கற பேட்டரியில தண்ணியாவது ஊத்திக் காப்பாத்தலாம். சீல் பண்ணினதுல வேடிக்கைதான் பாக்கணும். அதனால புதுசு வாங்கறதுக்கு முன்னாடி இன்ஜின் ஓடும்போது ஒரு தடவை அளந்துடுங்க. 13.8-லேர்ந்து 14.5-க்குள்ள இருந்தா நிம்மதி. அதே மாதிரி கால்சியம் பேட்டரியை அடிவரைக்கும் காலி பண்ணினா மறுபடி தேறி வர்றது கஷ்டம். 2018 நவம்பர் 16-ஆம் தேதி கஜா புயல் அடிச்சப்போ ஆலங்குடி, கீரமங்கலம் பக்கமெல்லாம் நாள்கணக்குல கரண்ட் இல்லை, ஞாபகம் இருக்கா? எங்க பெரியம்மா வீட்டுல கார் பேட்டரியைக் கழட்டி வச்சு லைட்டு, தெருவுல உள்ளவங்க செல்போன் சார்ஜுன்னு ஒரு வாரம் ஓட்டினாங்க. நல்ல காரியம்தான். ஆனா அதுக்கப்புறம் அந்த பேட்டரி வண்டியை ஒரு நாள் கூடக் கிளப்பலை. கார் பேட்டரியில தகடு மெலிசு, எண்ணிக்கை ஜாஸ்தி. ஒரே இழுப்புல கொடுக்கத்தான் செஞ்சது. நின்னு நிதானமா கொடுக்கறதுக்கு இன்வெர்ட்டர் பேட்டரியோட தடிச்ச தகடு வேணும்.

சரி, மாமா கதைக்கு வருவோம். சின்ன பேட்டரிதான் காரணம்னு முடிச்சுடலாம்னு பாத்தேன். மாப்ளே விடலை. 'அப்போ நாலு மாசம் எப்படி ஓடுச்சு?'ன்னு கேட்டான். நியாயமான கேள்வி. சாவியை எடுத்து, கதவெல்லாம் சாத்தி, நெகட்டிவ் வயரைக் கழட்டி நடுவுல மல்டிமீட்டரை ஆம்பியர்ல வச்சுப் பாக்கச் சொன்னேன். (இப்படி வச்சிருக்கும்போது சாவியைத் திருகிடாதீங்க, மீட்டர் ஃப்யூஸ் காலி!) சாதாரணமா 0.05 ஆம்பியருக்குள்ள தான் இருக்கணும். மாமா வண்டியில 0.2! ஒரு நாளைக்கு 4.8 ஏ.ஹெச். மூணு நாள் சவாரி இல்லாம நின்னா 14 ஏ.ஹெச். சும்மாவே போயிருக்கு. ஒவ்வொரு ஃப்யூஸா பிடுங்கிப் பாத்தும் இறங்கலை. கடைசியில ஆளு சிக்கினான்... பேட்டரியிலேர்ந்து நேரா வயர் இழுத்து மாட்டின மியூசிக் சிஸ்டம் ஆம்ப்ளிஃபயர். மாட்டினது யாருன்னு கேக்கறீங்களா? நம்ம மாப்ளேதான், போன தீபாவளிக்கு!

அந்த வயரை ஒழுங்கு பண்ணிட்டு, கைப்புத்தகத்துல போட்ட அளவுக்கே மெயின்டனன்ஸ் ஃப்ரீ வாங்கினாங்க. அங்கேயும் ஒரு குழப்பம். '38பி20எல்' மாதிரி எழுதியிருப்பாங்க. அது ஜப்பான் முறை. 38 வலுவோட தரவரிசை, பி அகல உயர அளவு, 20 நீளம் சென்டிமீட்டர்ல. எல்-னா டெர்மினல் இருக்கற பக்கம் உங்களைப் பாத்து இருந்தா பிளஸ் வலதுகைப் பக்கம். ஆர்-னா இடதுகைப் பக்கம். மாத்தி வாங்கிட்டா கேபிள் எட்டாது. எட்ட வைக்கறேன்னு இழுத்து மாட்டினா இன்னும் ஆபத்து. '54434'னு அஞ்சு நம்பர் போட்டா ஜெர்மன் முறை. முதல் மூணுலேர்ந்து 500-ஐக் கழிங்க, 44 ஏ.ஹெச். ஆச்சா?

தயாரிச்ச தேதியை மாமாவே கேட்டு வாங்கினார். கடையில ஆறு மாசத்துக்கு மேல சும்மா கிடந்த பேட்டரின்னா வேணாம். வாரன்டி '24+24'னு சொன்னா 48 மாசமும் புதுசு தருவாங்கன்னு நினைச்சுக்காதீங்க. முதல் 24 தான் இலவசம். அடுத்த 24-ல விலையில கொஞ்சம் தள்ளுபடி, அவ்வளவே. டாக்ஸின்னா பல கம்பெனியில வாரன்டி இன்னும் குறைவு. கார்டுல பொடி எழுத்துல இருக்கும். பழைய பேட்டரியைக் கடையிலேயே கொடுத்து விலையில கழிச்சுக்கிட்டாங்க. காயலான் கடைக்குப் போயி, யாரோ கொல்லையில உடைச்சு ஈயத்தை உருக்கினா அந்தப் புகையும் மண்ணும் சின்னப் பசங்க உடம்புல தான் ஏறும். பழைய பேட்டரியைத் திருப்பி எடுத்து மறுசுழற்சிக்கு அனுப்பற பொறுப்பைத் தயாரிக்கறவங்க தலையிலேயே வச்சு 2022-ல மத்திய அரசு விதி போட்டிருக்கு.

மாட்டும்போது பிளஸ் முதல்ல, மைனஸ் கடைசியில. கழட்டும்போது நேர் எதிர். இதை மட்டும் தப்பா பண்ணிடாதீங்க.

ஆங்... எலக்ட்ரோகெமிஸ்ட்ரியை 'ஜஸ்ட் பாஸ்' போதும்னு விடறவங்களுக்கு ஒரு தகவல். மாமா வீட்டுலேர்ந்து ஒரு மணி நேர பஸ்ல காரைக்குடி. அங்கே மத்திய மின்வேதியியல் ஆய்வகம், நம்ம 'செக்ரி' இருக்கு. அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுக்க, 1948 ஜூலையில நேரு அடிக்கல் நாட்டி, 1953 பொங்கலப்போ திறந்த இடம். பேட்டரியும் துருவும் அவங்க ஏரியா. அந்த வாசலைத் தாண்டிப் பல தடவை பஸ்ல போயிருக்கான் மாப்ளே. உள்ளே என்ன நடக்குதுன்னு இப்போதான் கேக்க ஆரம்பிச்சிருக்கான்.

அந்த சிங்கப்பூர் அண்ணன் லீவுக்கு வந்தப்போ ஏர்போர்ட்டுக்கு மாமாவையே வரச் சொல்லியிருக்கார். மாமா போய் நின்னு, பெட்டியை ஏத்திட்டு, சாவியைத் திருகறதுக்கு முன்னாடி அவரைத் திரும்பிப் பாத்தாராம். அவரும் சீட்டு நுனிக்கு வந்து உட்கார்ந்திருந்தாராம். ஒரே செல்ஃப்ல கிளம்பிடுச்சு!

அடுத்த வாரம் டயர். பக்கவாட்டுல இருக்கற அந்த நம்பரை ஒரு சீட்டுல எழுதிட்டு வாங்க.